பிரிவும் இழப்பும்: ரித்விக் கட்டக்கின் திரைப்படங்கள்

போலந்து நாட்டிலே ஆந்த்ரே வைதா என்றொரு திரைப்பட இயக்குநர் இருந்தார். 1926ஆம் ஆண்டு பிறந்து 2016ஆம் ஆண்டு மறைந்தவர். அவர்தம் தந்தையார் போலந்துப் படையின் அதிகாரி. 1940இல் சோவியத் இரகசியக் காவலரால் கொல்லப்பட்டவர். தம் நாடு பட்ட துன்பங்களையே வைதா வாழ்நாள் முழுவதும் படமாக்கினார். 1955 முதல் 1958 வரை போர்க்காலத்தைப் பற்றி அடுத்தடுத்து மூன்று படங்களைத் தந்தார். ஆனால் தந்தையாரைப் பலிகொண்ட காத்தின் படுகொலைகளைப் பற்றிய படத்தைத் தருவதற்கு 2007 வரை, தம் எண்பதாம் அகவை கடக்கும் வரை, அவர் காத்திருக்க நேர்ந்தது. ஒரு நாட்டின் வரலாறு ஒரு கலைஞரின் உள்ளத்திலே எத்துணைக் காலம் ஆறாத புண்ணாகக் கிடக்கும் என்பதற்கு இஃது ஓர் எடுத்துக்காட்டு.

வைதாவைத் தேடிப் போலந்து வரை செல்ல நமக்கு வேண்டுவதில்லை. அவர் பிறப்பதற்குச் சில திங்கள் முன்னர், 1925 நவம்பர் 4ஆம் நாள் டாக்காவிலே பிறந்து, 1976 பிப்ரவரி 6ஆம் நாள் நாம் வாழும் இந்தக் கல்கத்தா நகரிலே ஐம்பது வயதிலே மறைந்த ரித்விக் கட்டக், அத்தகைய புண்ணைச் சுமந்த கலைஞரே. அவர் நூற்றாண்டு 2025இல் நிறைவுற்றது. வங்கப் பெருமக்கள் அவரைப் போற்றுவது இயல்பு. வேலையின் பொருட்டு இந்நகருக்கு வந்து தலைமுறைகள் கடந்துவிட்ட தமிழ்க் குடும்பத்தினராகிய நமக்கு அவர் படங்களால் ஆவது என்ன என்று கேட்டு, யாம் கண்ட விடையை அன்பர்கள் முன் வைப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

பிரிவு வேறு, இழப்பு வேறு

நம் முன்னோர் பிரிவை நுணுகி ஆராய்ந்தவர்கள். பொருள்வயிற் பிரிவு என்று ஒன்றைத் தனியே வகுத்துப் பாலைத் திணையிலே பாடி வைத்தார்கள். தலைவன் சுரம் கடந்து செல்கிறான். தலைவி நாள் எண்ணிக் காத்திருக்கிறாள். அத்துன்பம் கொடியதே. எனினும் அதன் உள்ளே ஒரு விளக்கு எரிகிறது. போனவன் மீள்வான், அவன் மீளுதற்கு ஓர் ஊர் இருக்கிறது.

கல்கத்தாத் தமிழர் வாழ்வு இப்பொருள்வயிற் பிரிவே எனலாம். லேக் மார்க்கெட் பகுதியிலே வாடகை வீடு, ஆண்டுக்கு ஒரு முறை விடுப்பு, ஹவுராவிலிருந்து இரயில். ஊரிலே பாட்டனார் வீடு இடிந்து போயிருக்கலாம், நிலம் கைமாறியிருக்கலாம். ஆயினும் ஊர் இருக்கிறது. பயணச்சீட்டு வாங்கினால் போய்ச் சேரலாம்.

இழப்பு என்பது இதனின் வேறு. பறம்பு மலையை இழந்து நின்ற பாரி மகளிரின் நிலை பிரிவன்று, அது கையறுநிலை. மலை அங்கேயே நிற்கிறது; நிலவும் அதே நிலவுதான்; ஆனால் அது இனி அவர்களுடையதன்று. 1947 ஆகஸ்ட் 17ஆம் நாள் ராட்கிளிஃப் வகுத்த எல்லைக் கோடு வெளியிடப்பட்டபோது கிழக்கு வங்கத்து இந்துக் குடும்பங்கள் பலவற்றுக்கு நேர்ந்தது இதுவே. அவர்கள் பின்னர்ச் சியால்தா நிலையத்தின் நடைமேடைகளிலே குடியிருந்தார்கள். யாதவ்பூர், டாலிகஞ்ச் பக்கத்து வெற்று நிலங்களிலும், போர்க்காலத்துப் படையினர் விட்டுச் சென்ற கொட்டகைகளிலும் புகுந்து காலனிகளை எழுப்பினார்கள். இன்று நாம் ஆட்டோவிலே கடந்து செல்லும் பிஜயகட், நேதாஜி நகர், ஆசாத்கட் முதலிய பெயர்கள் அந்நாளைய கண்ணீரின் பெயர்களே.

கட்டக்கும் அவ்வாறு இழந்தவரே. அவருடன் இரட்டையராகப் பிறந்த சகோதரி எல்லைக்கு அப்பாலே வாழ்ந்தார். ஆகவே எல்லைக் கோடு என்பது அவருக்கு நாட்டுப் படத்தில் மட்டும் உள்ள கோடு அன்று. உடன்பிறப்பின் நடுவே விழுந்த கோடு. அவர் படங்களிலே அண்ணன் தங்கை உறவு மீண்டும் மீண்டும் வருவது தற்செயல் அன்று என்றே யாம் கருதுகிறோம்.

முக்கூட்டுப் படங்கள்

இந்திய மக்கள் நாடகக் கழகத்திலே பயின்று திரைக்கு வந்தவர் கட்டக். முதற்படமாகிய ‘நாகரிக்’ 1952இல் முடிவுற்றும், அவர் மறைந்த பின்னர் 1977இல்தான் திரைக்கு வந்தது. ஓர் ஓட்டுநரும் அவருடைய பழைய வாடகை மோட்டாரும் கொண்ட நட்பைக் கூறும் ‘அஜாந்திரிக்’ 1958இல் வெளிவந்தது. அதே ஆண்டிலே நாடெங்கும் ஓடிய ‘மதுமதி’ என்னும் இந்திப் படத்தின் கதையும் அவருடையதே. அவர் புகழை நிலைநிறுத்தியவை, நாட்டுப் பிரிவினையை அடிப்படையாகக் கொண்ட மூன்று படங்கள்: 1960இல் ‘மேகே தாக்கா தாரா’, 1961இல் ‘கோமல் காந்தார்’, 1962இல் எடுத்து 1965இல் வெளியான ‘சுபர்ணரேகா’.

‘மேகே தாக்கா தாரா’வில் நீத்தா என்னும் பெண் ஓர் அகதிக் குடும்பத்தின் மூத்த மகள். படிப்பை விட்டு வேலைக்குச் செல்கிறாள். அவள் சம்பளத்தில் அண்ணன் இசை பயில்கிறான். தம்பியும் தங்கையும் தங்கள் விருப்பங்களை நிறைவேற்றிக் கொள்கிறார்கள். அவள் மணக்க எண்ணிய இளைஞனைத் தங்கையே மணந்து கொள்கிறாள். இறுதியிலே காசநோயுற்று ஷில்லாங் மலையின் மருத்துவமனையில் கிடக்கும் நீத்தா, காண வந்த அண்ணனிடம் தான் வாழ விரும்பியதைச் சொல்லிக் கதறுகிறாள். அக்கதறல் மலைகள் தோறும் எதிரொலிக்கிறது.

கதையை இவ்வாறு சுருக்கிச் சொன்னால் கண்ணீர்க் கதைகளுள் ஒன்றாகவே தோன்றும். ஆனால் கட்டக்கின் ஆற்றல் கதையிலே இல்லை. சிறு பொருள்களிலும் ஒலிகளிலும் இருக்கிறது. படத்தின் தொடக்கத்திலே நீத்தாவின் செருப்பு வார் அறுந்து போகிறது. சம்பள நாள், புதுச் செருப்பு வாங்கலாம், வாங்குவதில்லை. படத்தின் முடிவிலே வேறொரு பெண், நாம் அறியாதவள், அதே சாலையில் செருப்பு வார் அறுந்து நிற்கிறாள். அண்ணன் அவளைப் பார்க்கிறான். ஒரு நீத்தா இறந்தாள். சாலையிலே நீத்தாக்கள் தீரவில்லை. வரலாறு என்பது மன்னரும் மாநாடும் அன்று. ஒரு செருப்பின் வார் என்று காட்டியது இப்படம்.

நீத்தா தன் காதலனுடன் பேசும்போது தாய் அடுக்களையில் நின்று கேட்கிறாள்; அடுப்பிலே பொரியும் ஒலி மெல்ல மெல்ல மிகுகிறது. அத்தாய் கொடியவள் அல்லள். மகளுக்குத் திருமணம் ஆகிவிட்டால் நாளைக்கு உலை வைப்பது எங்ஙனம் என்று அஞ்சுகிறாள். தொல்காப்பியர் அழுகை என்னும் மெய்ப்பாட்டுக்கு இழிவு, இழப்பு, தளர்ச்சி, வறுமை என நான்கு நிலைக்களன்களைக் கூறுவார். அந்நான்கும் ஒருங்கே நிற்கும் வீடு நீத்தாவின் வீடு.

தமிழர் அறிந்து மகிழத்தக்க செய்தி ஒன்றும் இப்படத்தில் உண்டு. அண்ணன் சங்கர் பாடுவதாக வரும் அம்சத்வனி இராகப் பாடலைப் பின்னணியிலே பாடியவர் ஏ. கானன். சென்னையிலே பிறந்து கல்கத்தாவை வாழிடமாகக் கொண்ட இந்துஸ்தானி இசைவாணர் அவர். அம்சத்வனியோ முத்துசாமி தீட்சிதரின் தந்தையார் இராமசாமி தீட்சிதர் படைத்த இராகம். காவிரிக் கரையில் தோன்றிய இராகம், சென்னையில் பிறந்தவர் குரலில், பத்மா நதியை இழந்தவரின் படத்திலே ஒலிக்கிறது. நம் கச்சேரிகளில் மங்கலமாகத் தொடக்கத்திலே பாடும் அவ்விராகம், இங்கே ஒரு பெண்ணின் உழைப்பைத் தின்று வளரும் கலையின் குரலாகக் கேட்கும்போது நெஞ்சு திடுக்கிடுகிறது.

‘கோமல் காந்தார்’ என்பது நம் இசையிலே சாதாரண காந்தாரம் எனப்படும் சுரத்தின் பெயர். பிளவுபட்ட நாடகக் குழுக்களின் கதை வழியே பிளவுபட்ட நாட்டைக் கூறுவது அப்படம். அதிலே ஒரு காட்சியை மறக்கவொண்ணாது. நாயகனும் நாயகியும் பத்மா நதிக்கரையிலே நின்று அக்கரையைப் பார்க்கிறார்கள். முன்பு இருப்புப்பாதை அங்கே சென்று கொண்டிருந்தது; இப்பொழுது இடையிலே நின்று போயிற்று. படக்கருவி தண்டவாளத்தின் மேல் விரைந்து ஓடி, முடிவிலே உள்ள தடுப்புக் கட்டையை மோதுகிறது, திரை இருளுகிறது. ஹவுராவிலே வண்டியேறி ஊர் சென்று மீளும் நமக்கு, ஊருக்குப் போகும் தண்டவாளம் முறிந்து போதல் என்றால் என்னவென்று ஒரு நொடியிலே உணர்த்தும் காட்சி அது.

‘சுபர்ணரேகா’ மூன்றனுள் கடுமையானது. அகதிக் காலனியை விட்டு வேலை தேடிச் செல்லும் ஈசுவர், தங்கை சீதையைத் தன் மகள்போல் வளர்க்கிறான். உடன் வளர்த்த அபிராமன் தாழ்ந்த குலத்தவன் என்று தெரிந்தவுடன், அவனைத் தங்கைக்கு மணமுடிக்க மறுக்கிறான். தன் வீட்டை இழந்த ஒருவன் சாதியை மட்டும் இழக்க மறுக்கும் இவ்விடம் கூர்ந்து நோக்கத்தக்கது. இருவரும் கல்கத்தாவுக்கு ஓடி வருகிறார்கள். கணவன் மாண்ட பின்னர்ச் சீதை வறுமையால் தன்னை விற்க முற்படுகிறாள். முதல் நாள் மதுமயக்கத்திலே அவள் வாயிலில் வந்து நிற்பவன் அண்ணன் ஈசுவர். சீதை அரிவாள்மணையால் தன் உயிரை மாய்த்துக் கொள்கிறாள்.

இத்தகைய தற்செயல் நிகழ்ச்சி நம்பத்தக்கதோ என்று அந்நாளிலேயே கேட்டார்கள். எமக்குத் தோன்றும் விடை இது. அவ்விரவிலே ஈசுவர் வேறொரு வாயிலுக்குச் சென்றிருந்தால், அங்கே இருந்தவளும் யாரோ ஓர் அகதியின் தங்கையாகத்தானே இருந்திருப்பாள்? தங்கையல்லாத பெண் என்று ஒருத்தி உண்டு என எண்ணுவதே நம் பிழை எனப் படம் சொல்கிறது.

நம் படங்களும் அவர் படங்களும்

தமிழ்ப் படங்களிலே வளர்ந்த நமக்கு இவ்வகை மிகைநாடகம் புதிதன்று. எனவே ஒப்பிட்டுப் பார்த்தல் பயன் தரும். ‘நாகரிக்’ முடிவுற்ற அதே 1952ஆம் ஆண்டிலே தமிழில் ‘பராசக்தி’ வெளிவந்தது. அதன் சகோதரர்கள் இரங்கூனில் வாழும் தமிழர்கள். போர் வருகிறது, பர்மாவிலிருந்து தமிழர் கால்நடையாக வெளியேறுகிறார்கள், அவ்வழியிலே சகோதரர்களுள் ஒருவன் காலை இழந்து பிச்சைக்காரனாகிறான். 1942இன் பெருந்துயரம் நம் திரையிலே இடம்பெற்றது என்பது பெருமைக்குரியதே. ஆயினும் அது கதையைத் தொடங்கி வைத்துவிட்டு விலகிக் கொள்கிறது. படத்தின் சீற்றம் சமுதாயக் கொடுமைகள் மீது பாய்கிறது. முடிவிலே பிரிந்த குடும்பம் கூடுகிறது. கட்டக்கின் படங்களில் குடும்பம் கூடுவதில்லை. கூடினால் ‘சுபர்ணரேகா’வில் கூடியது போலத்தான் கூடுகிறது.

கே. பாலசந்தரின் ‘அவள் ஒரு தொடர்கதை’ 1974இல் வந்தது. 1977இல் ‘கபிதா’ என்று வங்காளியிலும் எடுக்கப்பட்டது. அதன் நாயகி கவிதாவும் நீத்தாவைப் போலக் குடும்பத்தைச் சுமப்பவள். நீத்தா அடங்கியவள், கவிதாவோ சினந்து பேசுகிறாள். அவ்வகையிலே கவிதா ஒருபடி மேல் எனவும் கூறலாம். ஆனால் கவிதாவின் வீடு ஏன் இவ்வாறு ஆயிற்று? தந்தை துறவியாகிப் போனார், தமையன் குடித்தான். குற்றம் தனி மனிதருடையது. நீத்தாவின் வீடு ஏன் இவ்வாறு ஆயிற்று? அவ்வீட்டிலே எவரும் தீயவர் அல்லர். தந்தை நல்லாசிரியர். எவர் மீதும் குற்றம் சாட்டவியலாத அவ்வீட்டின் சுவருக்கு வெளியே ஒரு கோடு கிழிக்கப்பட்டிருக்கிறது. வீட்டுக்குள்ளே நடக்கும் கொடுமைக்கு வீட்டுக்கு வெளியே காரணம் தேடக் கற்றுத் தந்ததே கட்டக்கின் தனிச்சிறப்பு. நம் படங்கள் வீட்டை நன்கு அறிந்தவை; வரலாற்றையும் மேடைப் பேச்சாக அறிந்தவை; இரண்டும் ஒன்றே எனக் காட்டியவை மிகச் சில.

இவ்விடத்திலே எம் சொந்த நிலையை மறைத்தல் நேர்மையாகாது. எம் இல்லத்திலும் ஒரு தமக்கையார் இருந்தார். தந்தையார் நோயுற்றபோது தட்டெழுத்துப் பயின்று ஓர் அலுவலகத்தில் சேர்ந்தார். யாம் பி.ஏ. தேறியது அவர் சம்பளத்தில். எமக்கு மத்திய அரசு வேலை கிடைத்த நாளில் வீட்டிலே பாயசம் வைத்தார்கள். அவருக்கு அப்பொழுது முப்பத்தெட்டு வயது. இனி அவருக்கு வரன் பார்க்கலாம் என்று எவரும் சொல்லவில்லை; யாமும் சொல்லவில்லை. பின்னர், அலுவலகத்து வங்க நண்பர் ஒருவருடன் நந்தன் அரங்கிலே ‘மேகே தாக்கா தாரா’வைக் கண்டோம். படம் முடிந்ததும் நண்பர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, இது எங்கள் கதை என்றார். ஆம் என்றோம். எங்கள் கதையும்தான் என்று சொல்ல நா எழவில்லை. படத்திலே நீத்தாவின் பொருட்டு அழுகின்றவன் யார்? அவள் சம்பளத்தில் வளர்ந்த அண்ணன். அரங்கிலே அழுதுகொண்டிருந்தவரும் பெரும்பாலும் அவனைப் போன்றவரே என்று தோன்றிற்று.

குறைகளும் கூறல் வேண்டும்

புகழ்மொழி மட்டும் கூறுதல் திறனாய்வு ஆகாது. கட்டக் தம் பெண் பாத்திரங்களைத் தெய்வமாக்க விழைகிறார். நீத்தா ஜகத்தாத்திரி பூசை நாளில் பிறந்தவள் என்பார். சிறுமி சீதையின் எதிரே காளி வேடமிட்டவன் தோன்றி அச்சுறுத்துவான். தெய்வமாக்குதல் பலியிடுதற்கு எளிதாக வழி வகுத்துவிடுகிறது. நீத்தா ஒருமுறையேனும் சினந்து பேசியிருக்கலாகாதோ என்று கவிதாவை அறிந்த நாம் கேட்பதில் தவறில்லை.

மற்றொன்று, இதனினும் பெரிது. இம்முக்கூட்டுப் படங்களிலே இழந்த கிழக்கு வங்கம் பொன்னாடாகத் தோன்றுகிறது; அது ஏன் உடைந்தது, அங்கே ஒருவருக்கொருவர் இழைத்த தீங்கு யாது என்னும் கேள்விக்குள் அவர் ஆழ்ந்து செல்வதில்லை. வைதாவோ சுட்டவனையும் சுடப்பட்டவனையும் ஒரே சட்டத்துள் நிறுத்தி, இருவரும் நம்மவரே என்று காட்டத் துணிந்தவர். இவ்வகையிலே கட்டக்கின் துயரம் ஆழமானது. விசாரணை அத்துணை ஆழமானதன்று. எனினும் 1973இல் வங்கதேசம் சென்று எடுத்த ‘தித்தாஸ் ஏக்தி நதிர் நாம்’, மீனவர் வாழ்வொன்று நதி வற்றியும் உட்பகையாலும் அழிவதைக் காட்டி இக்குறையை ஓரளவு ஈடு செய்கிறது.

இறுதிப் படம் 1974இன் ‘ஜுக்தி தக்கோ ஆர் கப்போ’. நீலகண்டன் என்னும் குடிகாரராகத் தாமே நடித்தார். வீடிழந்து நாடெங்கும் அலையும் அவர், கடைசியிலே நக்சலைட்டு இளைஞருக்கும் காவலருக்கும் நடக்கும் துப்பாக்கிச் சண்டையின் நடுவே மாள்கிறார். தம் தலைமுறை தோற்றது என்று தம்மையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றிய படம் அது. தன்னிரக்கம் மிகுந்த இடங்கள் உண்டு. ஆயினும் தம் குடியையும் தோல்வியையும் மறைக்காமல் திரையிலே வைத்த துணிவு எளிதன்று.

தமிழுக்கு வந்த கிளை

1960களின் நடுவிலே பூனாத் திரைப்படக் கல்லூரியில் கட்டக் சிறிது காலம் துணை முதல்வராக இருந்தார். மணி கௌல், குமார் சஹானி, ஜான் ஆபிரகாம் முதலியோர் அவரிடம் பயின்றவர்கள். அவர்களுள் ஜான் ஆபிரகாம் 1977இல் தமிழிலே எடுத்த படம்தான் ‘அக்கிரகாரத்தில் கழுதை’. திரைக்கதை எழுதியவர் வெங்கட் சாமிநாதன். பேராசிரியராக நடித்தவர் இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன். தேசிய விருதும் பெற்றது. ஆகவே கட்டக் என்னும் மரத்தின் ஒரு கிளை நம் முற்றத்திலும் நிழல் தந்தது என்று நாம் உரிமையுடன் கூறலாம்.

ஆயினும் அவர் நமக்கு விட்டுச் சென்ற கேள்வி இன்னும் எஞ்சி நிற்கிறது. தமிழருக்கும் கையறுநிலைகள் உண்டு. 1942இலே பர்மாவிலிருந்து காடும் மலையும் கடந்து நடந்தோர் உண்டு. அவர்களுள் பலர் முதலில் வந்தடைந்த பெருநகர் இக்கல்கத்தாவே. 1960களில் மீண்டும் பர்மாவை விட்டு வந்தோர் உண்டு. 1964 ஒப்பந்தத்தால் இலங்கை மலையகத்திலிருந்து கப்பலேற்றப்பட்டோர் உண்டு. 1983க்குப் பின்னர் யாழ்ப்பாணம் முதலிய ஊர்களை விட்டு உலகெங்கும் சிதறியோர் உண்டு. பொருள்வயிற் பிரிந்த நாம் நம்மைத் துன்புற்றோர் என்று கூறிக்கொள்ளும் முன், இவர்களை நினைத்தல் வேண்டும். பர்மாவிலிருந்து நடந்து வந்தவரின் மக்களும் பேரரும் நம்மிடையே இருக்கக்கூடும். அவர்கள் வீட்டிலே சொல்லப்பட்டதைக் கேட்டு எழுதி வைக்க நம் சங்கத்து இளைஞர் முன்வருவாராயின் அது நல்ல தமிழ்த்தொண்டு. எதிர்காலத்திலே ஒரு கலைஞர் பிறந்தால் அவருக்கு அது மூலப்பொருளாகும்.

அதற்கும் முன்னர் செய்யத்தக்க ஒன்றும் உண்டு. எம் தமக்கையார் இன்று ஊரிலே ஓய்வூதியத்தில் வாழ்கிறார். அந்தப் படத்தைக் கண்ட அடுத்த விடுப்பிலே, அக்கா, உங்களுக்கு அப்பொழுது என்ன விருப்பமாக இருந்தது என்று யாம் கேட்டோம். அவர் நெடுநேரம் பேசவில்லை. பின்பு, இதைக் கேட்க உனக்கு இத்தனை நாளாயிற்றா என்று மட்டும் சொல்லி, காப்பி கலக்க எழுந்து சென்றார். அன்பர்கள் தம் இல்லத்தில் அவ்வாறான ஒருவர் இருப்பின், காலம் தாழ்த்தாமல் கேட்பார்களாக.